ஐரீன் வெட்ட மறுத்த வாக்கியம்

செய்தி தொலைபேசியில் வந்தது. செவ்வாய்க்கிழமை காலை, பாரிசின் புறநகரான திரான்சியில் என் வீட்டிலிருந்து வேலைக்குப் புறப்பட்டுக்கொண்டிருந்தேன். பேசியவர் ஐரீன் குடியிருந்த கட்டடத்தைப் பார்த்துக்கொள்ளும் போர்த்துக்கீசப் பெண்மணி. எங்கள் இருவருக்குமே பிரெஞ்சு சொந்த மொழி இல்லை. ஆகவே அவர் சுற்றிவளைக்கவில்லை.

"மதாம் ஐரீன் இன்று காலையில் ஆஸ்பத்திரியில் இறந்துவிட்டார். உனக்குச் சொல்லும்படி சொன்னார்கள்."

"யார் சொன்னது?"

"அவரேதான், போன கிழமை. முதலில் ரஞ்சினிக்குச் சொல், லா சப்பலில் இருக்கிற மற்றவர்களுக்கு அவள் சொல்லிக்கொள்வாள் என்றார்."

ஆகவே செய்தியை அன்றைக்கே உங்களுக்குச் சொன்னேன், அவருடைய கதையை இப்போது சொல்கிறேன். உங்களில் பலருக்கு அவரைத் தெரியும். குட்டையாக வெட்டிய வெள்ளை முடியும், ஆண்கள் போடும் மழைக்கோட்டுமாக ரூ பஜோல் தெருவிலிருந்து இறங்கி நம்முடைய தமிழ்க் கடைக்கு வந்து, கத்தரிக்காயை ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்து வாங்கும் அமெரிக்கக் கிழவி. அவருக்கு 'ஹொலிவூட் அன்ரி' என்று பெயர் வைத்தது நீங்கள்தான். அது கேலியாகத்தான் தொடங்கியது. ஹொலிவூட்டில் வேலை பார்த்த ஒருவர் நம்முடைய கடையில் வரிசையில் நிற்பார் என்று அப்போது யார் நம்பினார்கள்?

ஆனால் அது உண்மை. ஐரீன் காட்வெல் கலிபோர்னியாவில் பிறந்தவர். தகப்பன் ரயில்வேத் தொழிலாளி. பள்ளிக்கூடம் முடித்த கையோடு ஒரு படக் கம்பனியில் படச்சுருள் ஒட்டும் அறையில் சேர்ந்தார். அந்தக் காலத்தில் அத்தகைய அறைகளில் பெண்களே அதிகமாம். "அதைத் தையல் வேலை என்று நினைத்து எங்களை வைத்தார்கள். படம் அந்த அறையில்தான் உருவாகிறது என்று தெரிந்ததும் ஆண்கள் வந்துவிட்டார்கள்" என்பார். வந்தவர்களுக்கு நடுவில் அவர் நின்று பிடித்தார். போர்ப்படங்கள், பாட்டுப் படங்கள், நீதிமன்றக் கதைகள் என்று பலவற்றுக்குப் படத்தொகுப்புச் செய்தார். எடுத்துக் குவித்த படத்திலிருந்து எது இருக்கவேண்டும், எது போகவேண்டும், எது எதற்குப் பின்னால் வரவேண்டும் என்று முடிவு செய்வதுதான் அவருடைய தொழில்.

கடையில் ஒருமுறை நம்மவர் ஒருவர், "அந்தப் பெரிய நடிகர்களையெல்லாம் உங்களுக்குத் தெரியுமோ எண்டு கேளுங்கோ அக்கா" என்றார். நான் கேட்டேன். ஐரீன் கத்தரிக்காயை வைத்துவிட்டுச் சொன்னார்: "அவர்களுடைய முகத்தில் எந்தத் தசை எப்போது பொய் சொல்லும் என்று எனக்குத் தெரியும். அவர்களுக்கு என்னைத் தெரியாது." பிறகு ஒரு காதல் காட்சியைப் பற்றிச் சொன்னார். நாயகன் நன்றாகக் குடித்துவிட்டு நடித்திருக்கிறான். ஐரீன் காட்சியின் பெரும்பகுதியை நாயகியின் முகத்திலேயே வைத்து, நாயகனின் முதுகை மட்டும் காட்டி முடித்திருக்கிறார். படம் வந்தபோது அவனுடைய நடிப்பில் எவ்வளவு அடக்கம் என்று பத்திரிகைகள் புகழ்ந்தனவாம். கடை முழுக்கச் சிரித்தது. ஐரீன் சிரிக்கவில்லை.

நான் அவரிடம் போய்ச் சேர்ந்தது எண்பதுகளின் நடுவில். நாம் எல்லோரும் வந்து குவிந்துகொண்டிருந்த காலம். யாழ்ப்பாணத்தில் ஒரு கம்பனியில் ஆங்கிலத் தட்டெழுத்தராக இருந்த நான், இங்கே காலையில் அலுவலகங்களைத் துப்புரவு செய்துவிட்டு, மிச்ச நேரத்தில் அறிந்தவர்களுக்கு மொழிபெயர்த்துக் கொடுத்துக்கொண்டிருந்தேன். பாரிசில் இருக்கும் தமிழ் அகதிகளைப் பற்றி ஒரு சிறிய பிரெஞ்சுக் கம்பனி தொலைக்காட்சிக்காக ஓர் ஆவணப்படம் எடுத்திருந்தது. தொகுத்துக்கொண்டிருந்தவர் பாதியில் நோயாகிப் போய்விட்டார். வேலையிலிருந்து ஓய்வுபெற்று ரூ பஜோலில் சும்மா இருந்த ஐரீனை அழைத்தார்கள். அவர் ஒரே ஒரு நிபந்தனை வைத்தார். தமிழும் ஆங்கிலமும் தெரிந்த ஒருவர் பக்கத்தில் உட்கார வேண்டும். அப்படித்தான் என்னைக் கூப்பிட்டார்கள்.

கார் து நோர் ரயில் நிலையத்துக்குப் பின்னால் ஒரு முற்றத்தின் கோடியில் இருந்தது அவர் படம் தொகுத்த அறை. நடுவில் பெரிய படத்தொகுப்பு மேசை. ஓரத்தில் கம்பியில் கொளுவிய நூற்றுக்கணக்கான படத்துண்டுகள், கொடியில் காயப்போட்ட துணி மாதிரி. முதல் நாளே என்னோடு சண்டை பிடித்தார். திரையில் ஓர் அம்மா நெடுநேரம் பேசினார். "மகனைத் தேடி முகாம் முகாமாகப் போனாராம்" என்று நான் சொன்னேன்.

ஐரீன் மேசையில் ஓடிய படத்தை நிறுத்தினார். "அவ்வளவு நேரம் பேசியது இவ்வளவுதானா?"

"சுருக்கமாகச் சொன்னேன்."

"சுருக்குவது என் வேலை. அதற்குத்தான் எனக்குச் சம்பளம். நீ எல்லாவற்றையும் சொல். அழுததையும் இருமியதையும் சொல்."

மறுநாள் போவதா விடுவதா என்று வீட்டில் யோசித்தேன். போனேன்.

அடுத்த கிழமைதான் சவிரிமுத்து அண்ணையின் காட்சி மேசைக்கு வந்தது. மன்னாரைச் சேர்ந்த அவரை நமக்கெல்லாம் தெரியும். அப்போது ஒரு றெஸ்ரோறன்ரில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தார். அகதி விண்ணப்பம் ஒருமுறை தள்ளப்பட்டு, மேன்முறையீடு செய்துவிட்டுக் காத்திருந்தார். மனைவியும் இரண்டு பிள்ளைகளும் ஊரில். திரையில் அவர் கமராவை நேராகப் பார்த்துச் சொன்னார்: "அந்தப் பொடியள் எங்கடை வீட்டை வந்து சாப்பிட்டவங்கள், அவங்களை எனக்கு நல்லாத் தெரியும்." அத்தோடு காட்சி மாறி ஊரின் எரிந்த வீடொன்றின் படம் வந்தது. அவர் சொன்னதை அப்படியே மொழிபெயர்த்தேன். ஆனால் மனது திடுக்கிட்டது. 'பொடியள்' என்றால் ஆயுதம் தூக்கிய இயக்கத்துப் பையன்கள் என்று யாருக்கும் புரியும். இதையெல்லாம் ஏன் கமராவுக்கு முன்னால் சொன்னார்?

ஐரீன் சுருளைப் பின்னால் ஓட்டினார். மறுபடி போட்டார். மூன்றாவது தரமும் போட்டார். "இவர் முடிக்கவில்லை" என்றார்.

"உங்களுக்குத் தமிழ் தெரியாதே."

"மூச்சைக் கேள். முடித்தவன் மூச்சை விடுவான். இவர் உள்ளே இழுக்கிறார். இன்னும் சொல்ல இருக்கிறது."

கொளுவியிருந்த துண்டுகளையும் பெட்டிகளில் கிடந்த ஒலிநாடாத் துண்டுகளையும் இருவரும் தேடத் தொடங்கினோம். மத்தியானச் சாப்பாட்டை மறந்தோம். முன்பு தொகுத்தவர் குறி எழுதாமல் போட்டிருந்த ஒரு பெட்டியின் அடியில் அது கிடைத்தது. ஒட்டிப் போட்டுக் கேட்டோம். அண்ணையின் குரல் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தது: "…எண்டு ஆமிக்காரன் தானே எழுதிப்போட்டு எனக்கு முன்னாலை வைச்சவன். கையெழுத்துப் போடு எண்டு அடிச்சவங்கள். நான் போடேல்லை."

தமிழில் 'என்று' என்ற சொல் வரும்வரை அது யாருடைய பேச்சு என்றே தெரியாது. தமிழ் தெரியாத ஒருவர் அந்தச் சொல்லுக்கு முன்னால் கத்தரித்திருந்தார். அடி வாங்கியும் ஒப்புக்கொள்ளாத ஒரு பொய்யை அந்த மனிதர் தன் வாயாலேயே ஒப்புக்கொண்டதாக ஆகியிருந்தது.

தயாரிப்பாளர் கெட்டவர் அல்ல. அகதிகள்மேல் அக்கறை உள்ளவர். ஐரீன் அவரை அழைத்து இரண்டையும் போட்டுக் காட்டினார். நான் ஒரு சொல் விடாமல் ஆங்கிலத்தில் சொல்ல, ஐரீன் அதைப் பிரெஞ்சில் சொன்னார். அவர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டே நின்றார்.

"தொலைக்காட்சிக்காரர்கள் இந்தப் படத்தை எடுத்துக்கொண்டதே இந்த ஒரு வரியால்தான். அவர்கள் பார்த்து ஒப்புக்கொண்டாயிற்று. திங்கட்கிழமை நெகட்டிவ் வெட்டுக்குப் போகிறது, அதன்பிறகு எதையும் மாற்ற முடியாது."

"அந்த வரியை அவர் சொல்லவில்லை" என்றார் ஐரீன்.

"அவருடைய வாயிலிருந்துதான் வந்தது."

"பாதி வந்தது."

"பார்க்கிறவர்களுக்கு அவர்மேல் இரக்கம்தான் வரும், ஐரீன். ஒருவரும் அவரைக் குற்றம் சொல்லப்போவதில்லை. நீங்கள் ஒலியைச் சரிசெய்து தாருங்கள், போதும்."

அவர் போனபிறகு ஐரீன் மழைக்கோட்டை எடுத்தார். "இந்த ஆள் எங்கே இருக்கிறார்? கூட்டிக்கொண்டு போ."

மெத்ரோப் பாலத்துக்குக் கீழால் நடந்துபோகும்போது, "பார்த்தே இராத ஒருவருக்காக ஏன் இவ்வளவு கோபம்?" என்று கேட்டேன். மழைக்கோட்டின் பொத்தானைப் போட்டார். பிறகு சொன்னார். ஐம்பதுகளின் தொடக்கத்தில் ஹொலிவூட்டில் அரசியல் விசாரணைகள் நடந்தன. யார் யார் இடதுசாரிக் கூட்டங்களுக்குப் போனவர்கள் என்று ஆளை ஆள் காட்டிக்கொடுக்கச் சொன்னார்கள். ஐரீனையும் ஓர் அறையில் உட்கார வைத்து, கூட வேலை செய்த ஒருவருடைய பெயரைச் சொல்லி, இவரைத் தெரியும் என்று ஒப்புக்கொள், போதும் என்றார்களாம்.

"சொன்னீர்களா?"

"பேசவில்லை. மறுநாள் ஸ்ரூடியோ வாசலில் காவலாளி என்னை உள்ளே விடவில்லை. தினமும் எனக்கு வணக்கம் சொல்கிறவன். அன்றைக்கு என் காலணியைப் பார்த்துக்கொண்டு நின்றான்." அதன் பின்னர்தான் அவர் முதல் தடவை பாரிசுக்கு வந்திருக்கிறார். இங்கே வேறு பெயர்களில் படங்கள் தொகுத்து, காலம் மாறியபின் திரும்பிப் போய், மறுபடியும் பெயரோடு வேலை செய்து, கடைசியில் இங்கேயே வந்து தங்கிவிட்டார். "தெரியும் என்ற ஒரு சொல்லுக்காக என்னவெல்லாம் செய்வார்கள் என்று எனக்குத் தெரியும்" என்றார். அதற்குமேல் அந்தக் கதையை அவர் பேசவில்லை, பிறகும்.

சவிரிமுத்து அண்ணை இருந்தது ஐந்தாம் மாடியில், ஐந்து பேர் படுக்கும் ஓர் அறை. ஒரே சுவரில் பிள்ளையார் படமும் மடு மாதா படமும். பின்னேர இடைவேளைக்கு வந்து சட்டையைக் கழற்றிக் காயவைத்துக்கொண்டிருந்தார்.

"என்ன தங்கச்சி, படம் முடிஞ்சுதோ?"

நான் விஷயத்தைச் சொன்னேன். கட்டில் விளிம்பில் உட்கார்ந்துவிட்டார்.

"நான் அப்பிடிச் சொல்லேல்லையே. போடேல்லை எண்டெல்லோ சொன்னனான்."

"ஓம் அண்ணை. அதுதான் வந்திருக்கிறம்."

"இது ரீவியிலை வந்தால் கொப்பி அடிச்சுக் கொழும்புக்கும் போகும். மனிசியும் பிள்ளையளும் இன்னும் அங்கைதான். இஞ்சை கேஸ் பாக்கிறவையும் பாப்பினம். நான் எழுதிக் குடுத்தது ஒண்டு, வாயாலை சொன்னது வேறையெண்டு தள்ளிப்போடுவினம்."

அறையில் இருந்த குகன், அவர்களுள் வயதில் இளையவர், குறுக்கிட்டார். "முழுக்கப் போட்டால் நல்லதுதானே அண்ணை? அங்கை என்ன நடக்குது எண்டு சனம் அறியவேணும்."

மூலையில் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தவர் தலை நிமிராமல் சொன்னார்: "அப்ப உன்ரை முகத்தைக் குடு. அவரின்ரை முகத்தை ஏன் கேக்கிறாய்?"

"நான் குடுப்பன்."

"குடுப்பாய். உனக்கு அங்கை ஆர் இருக்கினம், பயப்பிடுறதுக்கு?"

சத்தம் ஏறியது. குகன் எழுந்து நின்றுவிட்டார். ஐரீன் என் முழங்கையைத் தொட்டு, "சண்டையையும் சொல்" என்றார். சொன்னேன். அவர் கதவோரத்தில் நின்றபடியே, சவிரிமுத்து அண்ணையைப் பார்த்து மெதுவாகப் பேசினார். "இதில் என் கருத்துக்கு இடமில்லை. முழுவதையும் எடுத்துவிடச் சொன்னால் எடுத்துவிடுகிறேன். முழுவதையும் போடச் சொன்னால் போடுகிறேன். பாதியைப் போடுவதென்றால் மட்டும் நான் இருக்கமாட்டேன்."

ஐரீன் உள்ளுக்குள் எதை விரும்பினார் என்று எனக்குத் தெரியும். அந்த முகத்தோடு அந்த முழு வாக்கியமும் போனால் படத்தில் அதைவிடப் பெரிய இடம் வேறில்லை. வரும் வழியில் அதைச் சொல்லியும் இருந்தார். அறைக்குள் அதை அவர் வாய் திறந்து சொல்லவில்லை.

அண்ணை காயப்போட்ட சட்டையைத் திருப்பிப் போட்டார்.

"முகம் வேண்டாம்" என்றார் கடைசியில். "பேரும் வேண்டாம். ஆனால் நான் போடேல்லை எண்டது இருக்கட்டும். அதுக்குத்தான் நான் அடி வாங்கினனான்."

"குரலை ஆராவது அடையாளம் பிடிச்சால், அண்ணை?" என்று கேட்டேன்.

"மனிசி பிடிப்பாள்" என்றார். "வேறை ஆர் என்ரை குரலைக் கவனிச்சவை?"

மறுநாள் சனிக்கிழமை. கட்டடத்தில் ஒருவரும் இல்லை. ஐரீனிடம் சாவி இருந்தது. வாசலில் எந்தக் கார் வந்து நின்றாலும் நான் யன்னலுக்கு ஓடினேன். அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அண்ணையின் முகம் வரும் ஒவ்வொரு துண்டையும் கழற்றினார். அந்த இடத்தில் எதைப் போடுவது என்பதுதான் சிக்கல். எரிந்த வீட்டைப் போட்டுப் பார்த்தார், எடுத்தார். மெத்ரோவைப் போட்டுப் பார்த்தார், எடுத்தார். பிறகு பேட்டி முடிந்து அண்ணை எழுந்து போனபின்னும் கமரா ஓடிக்கொண்டிருந்த ஒரு துண்டை எடுத்து வந்தார். வெறும் கதிரை. பக்கத்தில் பாதி குடித்த தேநீர். அதன்மேல் அந்தக் குரல் ஓடியபோது நான் கையால் வாயைப் பொத்திக்கொண்டேன்.

ஆனால் படம் வாக்கியத்தைவிடக் குறுகியது. கதிரை முடிந்தும் குரல் மிச்சம் இருந்தது.

"கொஞ்சம் குறைக்கலாமா? அடிச்சவங்கள் என்பதை எடுத்தால் பொருந்தும்" என்றேன்.

"இந்த மனிதர் பேசியதில் இனி ஒரு மூச்சும் குறையாது" என்றார். குறைந்த இடத்தில் கறுப்பு நாடாவை ஒட்டினார். "நான் போடேல்லை" என்ற சொற்கள், வேறெதுவும் இல்லாத கறுப்புத் திரையில் வந்து விழுந்தன.

திங்கட்கிழமை தயாரிப்பாளர் வந்து பார்த்தார். பார்த்து முடித்ததும் அவருடைய முகம் சிவந்திருந்தது. தொலைக்காட்சியிலிருந்து தொலைபேசி அடித்துக்கொண்டே இருந்தது. அவர் எடுக்கவில்லை.

"யாரைக் கேட்டுச் செய்தீர்கள்?"

"பேசியவரைக் கேட்டு."

"பழையபடி ஒட்ட எனக்கு ஒரு மணித்தியாலம் போதும்."

"போதும்தான். ஒட்டுங்கள். அதன் பிறகு அந்த மனிதருடைய அறைக்கு நீங்கள் போய்ச் சொல்லுங்கள். ஐந்தாம் மாடி. ரஞ்சினி வழி காட்டுவாள்."

அவர் என் பக்கம் திரும்பினார். "உங்கள் மொழியில் உண்மையாகவே அப்படித்தானா? கடைசிச் சொல்லில் எல்லாம் மாறிவிடுமா?"

"மாறும்" என்றேன். என் பிரெஞ்சு அப்போது அவ்வளவுதான்.

மறுபடியும் போடச் சொன்னார். இம்முறை நின்றுகொண்டே பார்த்தார். கறுப்பு வந்தபோது, "இதையாவது எடுங்கள்" என்றார். ஐரீன் மாட்டேன் என்றார். அவர் பக்கத்து அறைக்குப் போய்த் தொலைபேசியில் நீண்ட நேரம் பேசினார். நாங்கள் இருவரும் ஒருவரை ஒருவர் பார்க்காமல் இருந்தோம். திரும்பி வந்து, "அப்படியே போகட்டும்" என்றார். "ஆனால் உங்கள் பெயர் இதில் வராது. இனி இங்கே உங்களுக்கு வேலையும் இல்லை."

"பெயர் இல்லாமல் எனக்குப் பழக்கம்" என்று சொல்லி ஐரீன் கோட்டைப் போட்டுக்கொண்டார். முற்றத்தைத் தாண்டியபிறகுதான் அவர் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

படம் ஒளிபரப்பானதை உங்களில் சிலர் என்னோடு பார்த்தீர்கள், லா சப்பலில் அந்தக் கடையின் பின்னறையில், அரிசி மூடைகளுக்கு நடுவில். சவிரிமுத்து அண்ணை உள்ளே வரவில்லை. வெளியே நடைபாதையில் நின்றார். பிரெஞ்சுக் குரல் மேலே பேசினாலும் கீழே தமிழ் கேட்டது. கதிரை வந்தது, கறுப்பு வந்தது, கடைசிச் சொல் வந்தது. நான் வெளியே போய், "முழுக்க வந்தது அண்ணை" என்றேன். அவர் தலையை ஆட்டிவிட்டு வேலைக்குப் போய்விட்டார்.

எல்லாம் உடனே நல்லபடியாக முடியவில்லை. அவருடைய மேன்முறையீட்டுக்கு மேலும் பல மாதங்கள் எடுத்தன. அந்த மாதங்களில் ஐரீன் என்னைக் காணும்போதெல்லாம் முதலில் கேட்டது அதைத்தான். மேன்முறையீட்டில் வென்று வதிவிடக் காட் கிடைத்து, மனைவி பிள்ளைகள் வந்து சேர்ந்தபோது, ஐரீன் அவர்களை வீட்டுக்கு அழைத்தார். யாரோ பதிவு செய்திருந்த கசெட்டைப் போட்டோம். அண்ணையின் மனைவி அந்தக் கதிரையைப் பார்த்தபடி கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "அப்ப உங்களுக்குத் தடிமன் பிடிச்சிருந்தது, என்ன?" என்றார். குரலில் இருந்த சளியைப் பிடித்துவிட்டார் என்று நான் மொழிபெயர்த்தேன். ஐரீன் அன்றைக்குச் சிரித்ததைப்போல் அதற்கு முன்னோ பின்னோ நான் பார்த்ததில்லை.

அதன் பின்னர் அவருக்கு வேலை வரவில்லை. கண்ணும் மங்கிக்கொண்டு வந்தது. கடைசியாக ஆஸ்பத்திரியில் பார்த்தபோது நான் அவருக்கு ஒரு செய்தி கொண்டுபோயிருந்தேன். அகதி விண்ணப்ப விசாரணைகளில் மொழிபெயர்ப்பாளராக என்னை எடுத்திருக்கிறார்கள் என்றேன். மகிழ்வார் என்று நினைத்தேன். அவர் என் கையைத் தேடிப் பிடித்தார்.

"பயமாக இருக்கிறதா?"

"இருக்கிறது. ராத்திரி நித்திரை இல்லை."

"எனக்கும் ஒவ்வொரு வெட்டுக்கு முன்னாலும் இருந்தது, கடைசி நாள்வரைக்கும். பயம் போய்விட்டதென்றால் அன்றைக்கே வேலையை விட்டுவிடு."

வெள்ளிக்கிழமை அடக்கம் செய்தோம். அமெரிக்காவிலிருந்து தம்பியின் மகள் வந்திருந்தார். பழைய ஒலிப்பதிவாளர் ஒருவர் வந்திருந்தார். மற்றவர்கள் எல்லாம் நீங்கள்தான். மழையில் திரண்டு நின்ற உங்கள் குடைகளைப் பார்த்து அந்தப் பெண் திகைத்து, வீட்டிலிருந்து அத்தையின் நினைவாக எதையாவது எடுத்துக்கொள்ளும்படி என்னிடம் சொன்னார். நான் எதையும் எடுக்கவில்லை. எனக்குரியதை அவர் ஏற்கெனவே தந்துவிட்டார். இன்று காலையும் ஒரு பெண் விசாரணை மேசைக்கு எதிரே உட்கார்ந்து, என்னைப் பார்த்துவிட்டுப் பேசத் தொடங்கினார். அவர் 'எண்டு' சொல்லி முடிக்கும்வரை, எதையாவது விட்டுவிடுவேனோ என்ற பயத்தோடு காத்திருந்தேன். அந்தப் பயம் இன்னும் என்னிடம் பத்திரமாக இருக்கிறது, ஐரீன்.